சினிமாக்காரங்கள பத்தின டாக்குமெண்டரி: சாவி யார் கையில?

கேள்வி இதுதான்: சினிமா, மியூசிக், டிவின்னு இந்த இண்டஸ்ட்ரிய பத்தி வர்ற டாக்குமெண்டரில எத நம்புறது, எது வெறும் விளம்பரம், புதுசா பாக்குறவங்க எதுல இருந்து ஆரம்பிக்கலாம்?

முதல்ல ஒரு சின்ன வேலை சொல்றேன். படம் முடிஞ்சதும் பேர் ஓடுமே, அத ஸ்கிப் பண்ணாம ஒரு நிமிஷம் பாருங்க. ப்ரொட்யூசர், எக்ஸிக்யூட்டிவ் ப்ரொட்யூசர்னு போடுற இடத்துல இவ்வளவு நேரம் கேமரா முன்னாடி உக்காந்து கண் கலங்கின அதே ஸ்டாரோட பேரோ, அவரோட மேனேஜர் பேரோ, அவரோட கம்பெனி பேரோ இருந்துச்சுன்னா நீங்க பாத்தது கல்யாண ஆல்பம். ஆல்பத்துல இருக்குறது எதுவும் பொய் இல்ல, ஆனா பந்தியில நடந்த சண்டைய யாரும் ஆல்பத்துல ஒட்ட மாட்டாங்க.

இது ஏன் இப்படின்னா, இந்த வகை டாக்குமெண்டரிக்கு மட்டும் ஒரு தனி தலைவலி இருக்கு. ஆத்துல மணல் அள்ளுறத பத்தி படம் எடுக்கணும்னா ஆத்தங்கரைக்கு போய் நிக்கலாம். ஒரு பாடகரை பத்தி எடுக்கணும்னா அவர் பாட்டு வேணும், பழைய கச்சேரி ஃபுட்டேஜ் வேணும், வீட்டு வீடியோ வேணும், இது எல்லாமே யாரோ ஒருத்தரோட சொத்து. அவங்க சரின்னு சொன்னாதான் படமே. சும்மா சொல்லுவாங்களா, ஃபைனல் கட் எங்களுக்கு காட்டணும்னு ஒரு வரிய காண்ட்ராக்ட்ல போட்டுட்டுதான் சாவிய கையில குடுப்பாங்க. நான் சில வருஷம் மேக்கிங் வீடியோ வெட்டுற வேலை பாத்திருக்கேன், பல மணி நேர ஃபுட்டேஜ் வரும், அதுல நாலு நிமிஷம் எடுக்கணும், ஒரு தடவ டைரக்டர் ஒரு லைட்மேன பாத்து கத்திட்டு அப்புறம் தனியா போய் ஒரு டிரங்கு பெட்டி மேல தலைய புடிச்சிட்டு உக்காந்திருக்குற ஷாட் ஒன்னு கிடைச்சுது, மொத்த ஃபுட்டேஜ்லயே அந்த மனுஷன் மனுஷனா தெரிஞ்ச ஒரே இடம் அதுதான், வச்சேன், மறுநாள் ஃபோன் வந்துச்சு, "சிரிக்கிற ஷாட் நிறைய இருக்குல்ல, அத வைங்க". அவ்வளவுதான், டிலீட்.

இதோட பெரிய சைஸ் கதை வேணும்னா டிஸ்னியில நடந்தத பாருங்க. 90கள் கடைசில கிங்டம் ஆஃப் தி சன்னுன்னு ஒரு அனிமேஷன் படம் பண்ணிட்டு இருந்தாங்க, பாட்டுக்கு பாடகர் ஸ்டிங்க கூப்பிட்டாங்க, அவர் ஒரு கண்டிஷன் போட்டார்: என் மனைவி ட்ரூடி ஸ்டைலர் கூடவே இருந்து மொத்த மேக்கிங்கையும் ஷூட் பண்ணுவாங்க. டிஸ்னி ஒத்துக்கிச்சு. பாதியில அந்த படம் கவுந்துருச்சு. எக்ஸிக்யூட்டிவ் ஆளுங்க ரீல் பாத்துட்டு இது வேலைக்கு ஆகலன்னு சொல்ல, டைரக்டர் விலகிட்டார், கதைய தலைகீழா மாத்தி ஒரு காமெடியா 2000ல ரிலீஸ் பண்ணாங்க, ஸ்டிங் உசுர குடுத்து போட்ட பாட்டு பாதி காணாம போச்சு. இது அத்தனையும் ஸ்டைலர் கேமராவுல இருந்துச்சு. அந்த டாக்குமெண்டரி பேரு தி ஸ்வெட்பாக்ஸ். 2002ல ஒரு திருவிழாவுல காட்டினாங்க, பேருக்கு ஒரு சின்ன ரிலீஸ், அப்புறம் உரிமை டிஸ்னி கையில இருந்ததால அது பெட்டிக்குள்ள போயிருச்சு. பத்து வருஷம் கழிச்சு 2012ல யாரோ இன்டர்நெட்ல லீக் பண்ணிதான் ஊரே பாத்துச்சு. இதுல வேடிக்கை என்னன்னா அதுல வில்லனே கிடையாது, ஒரு ரூம்ல நாலு நல்ல மனுஷங்க உக்காந்து ஒரு நல்ல படத்த கமிட்டி போட்டு கொல்றத காட்டுது, அவ்வளவுதான், அதையே வெளிய விட மனசு வரல.

அப்போ சாவி குடுத்தவன் பூட்டாம விட்டது எப்போ எல்லாம் நடந்திருக்குன்னு பாத்தா, பெரும்பாலும் அங்க கேமரா வச்சிருந்த ஆள ஒரு ஆளாவே யாரும் கணக்குல எடுக்காதப்போதான். ஹார்ட்ஸ் ஆஃப் டார்க்னஸ் 1991ல வந்துச்சு, இந்த வகையில இன்னிக்கி வரைக்கும் அத தாண்ட ஒன்னு வரலங்குறது என் கட்சி. டைரக்டர் ஃப்ரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலா 1976ல அபோகலிப்ஸ் நவ்ங்குற வியட்நாம் போர் படத்த எடுக்க பிலிப்பைன்ஸ் போறார், ஸ்டுடியோவுக்கு பப்ளிசிட்டிக்கு கொஞ்சம் ஃபுட்டேஜ் வேணும், வெளியாள எதுக்குன்னு மனைவி எலினார் கையில கேமராவ குடுத்துட்டார். வீட்டுக்காரம்மா ஏதோ எடுத்துட்டு இருக்காங்கன்னு யாரும் கண்டுக்கல. புயல் வந்து செட்ட அடிச்சிட்டு போகுது, முதல்ல நடிச்ச ஹார்வி கைட்டெல தூக்கிட்டு மார்ட்டின் ஷீன போடுறாங்க, வாடகைக்கு எடுத்த ராணுவ ஹெலிகாப்டரு ஷாட் நடுவுல கிளர்ச்சிக்காரங்கள விரட்ட கிளம்பி போயிடுது, பெரிய ஸ்டார் மார்லன் பிராண்டோ வந்து இறங்குறார் உடம்பு போட்டு, கதைக்கு அடிப்படையான புத்தகத்த படிக்காம. எல்லாத்துக்கும் மேல 1977 மார்ச்ல 36 வயசு ஷீனுக்கு ஹார்ட் அட்டாக்.

அந்த இடத்துல ஒரு ஆடியோ வரும். ஷீனுக்கு சீரியஸ்னு செய்தி வெளிய கசிஞ்சா பணம் போட்டவங்க கைய தூக்கிடுவாங்க, அந்த பயத்துல கொப்போலா கத்துறார், மார்ட்டி செத்தாலும் செத்துட்டான்னு நான் சொல்ற வரைக்கும் எல்லாம் நல்லா இருக்குன்னுதான் சொல்லணும்ங்குற மாதிரி. முதல் தடவ கேட்டப்போ எனக்கு இவன் என்ன மனுஷன்னுதான் தோணுச்சு. ரெண்டாவது தடவ கேட்டப்போ அது சொந்த வீட்டையே அடகு வச்சிட்டு காட்டுக்குள்ள முடிவு தெரியாம நிக்கிற ஒருத்தன் குரல்னு புரிஞ்சுது. இன்னொன்னு, இந்த படம் நான் நினைச்ச மாதிரி வரல, மோசமான படம் எடுத்துட்டு இருக்கேன், இது எல்லாருக்கும் தெரியப்போகுதுன்னு ராத்திரில மனைவிகிட்ட புலம்புறதும் டேப்ல இருக்கு, அவர் தெரியாம ரெக்கார்ட் பண்ணது. இதெல்லாம் பிஆர் டீம் பக்கத்துல நிக்கிறப்போ கிடைக்கவே கிடைக்காது. அந்த ஃபுட்டேஜ் பத்து வருஷத்துக்கு மேல பொட்டியில கிடந்து, அதுக்குள்ள அந்த படம் காவியம்னு பேர் வாங்கி, அதுக்கப்புறம் ஃபேக்ஸ் பாரும் ஜார்ஜ் ஹிக்கன்லூப்பரும் அத எடுத்து தொகுத்தாங்க. ஜெயிச்சதுக்கு அப்புறம் தன் அவமானத்த வெளிய விடுறது கொஞ்சம் சுலபம், அதையும் ஒத்துக்கணும்.

இதே ஜாதி இன்னும் ரெண்டு. லெஸ் பிளாங்க் 1982ல எடுத்த பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ், பெரு நாட்டு காட்டுல டைரக்டர் வெர்னர் ஹெர்ஸாக் தன் படத்துக்காக முந்நூறு டன்னுக்கு மேல இருக்குற கப்பல மலை மேல நிஜமாவே இழுக்குற கூத்து. நாப்பது சதவீதம் எடுத்து முடிச்ச நிலையில ஹீரோ ஜேசன் ரோபார்ட்ஸ் வயித்துப்போக்குல படுத்து ஊருக்கு போயிட, கூட நடிச்ச ரோலிங் ஸ்டோன்ஸ் ராக் பேண்ட் பாடகர் மிக் ஜாகரும் டூர் இருக்குன்னு கிளம்பிட, மறுபடி முதல்ல இருந்து. அப்புறம் லாஸ்ட் இன் லா மாஞ்சா, 2002. டெர்ரி கில்லியம் ஸ்பெயின்ல ஷூட்டிங் ஆரம்பிக்கிறார், மேக்கிங் வீடியோ எடுக்க ரெண்டு பேர் கூட வர்றாங்க. தலைக்கு மேல போர் விமானம் பறந்து சவுண்டு போச்சு, வெள்ளம் வந்து சாமானெல்லாம் மிதந்துச்சு, வெள்ளம் வடிஞ்சதும் மண்ணோட கலரே மாறிட்டதால முன்னாடி எடுத்த ஷாட்டோட கண்டின்யூட்டி சேரல, குதிரையில ஏற வேண்டிய நடிகர் ஜான் ரோஷ்ஃபோருக்கு முதுகு போச்சு. ஒரு வாரம் கூட தாங்கல. கடைசில மேக்கிங் எடுக்க வந்தவங்க படம் ரிலீஸ் ஆயிருச்சு, மெயின் படம் 2018ல தான் வந்துச்சு. இதுல இன்சூரன்ஸ்காரங்க வந்து உக்கார்ற சீன மட்டும் கவனிச்சு பாருங்க, எது கடவுள் செயல், எது நடிகர் உடம்பு, எதுக்கு பணம் வரும், எதுக்கு வராதுன்னு ஒரு விவாதம் ஓடும், சினிமா எப்படி நடக்குதுன்னு எந்த இன்டர்வியூலயும் கிடைக்காத பாடம் அது.

இப்போ நான் மேல சொன்ன விதிக்கு நானே ஒரு ஓட்டை போடுறேன். கிம்மி ஷெல்டர், 1970. ரோலிங் ஸ்டோன்ஸ் சம்மதத்தோட, அவங்க டூரோட கூடவே போய் மேசல்ஸ் பிரதர்ஸும் ஷார்லட் ஸ்வெரினும் எடுத்தது, ஆக சாவி ஸ்டார் கையிலதான். ஆனா 1969 டிசம்பர் 6ஆம் தேதி ஆல்டமாண்ட்ல நடந்த இலவச கச்சேரில, பாதுகாப்புக்குன்னு நிறுத்தி வச்ச ஹெல்ஸ் ஏஞ்சல்ஸ் பைக் கும்பல்ல ஒருத்தன், கூட்டத்துல துப்பாக்கி எடுத்த ஒரு 18 வயசு பையன குத்தி கொன்னுடுறான், அது கேமராவுல விழுந்துருச்சு. இப்போ எடிட்டிங் டேபிள்ல மிக் ஜாகர கூட்டிட்டு வந்து உக்கார வச்சு அந்த ஃபுட்டேஜ போட்டு காட்டுறாங்க, அவர் பாக்குறத இன்னொரு கேமரா எடுக்குது. திரும்ப ஓட்ட சொல்றார். ரீல் பின்னாடி போகுது, ஒவ்வொரு ஃப்ரேமா நகருது, அந்த பையன் கூட வந்த பொண்ணோட வெள்ளை டிரஸ் மேல துப்பாக்கி கறுப்பா தெரியுது, கத்தி இறங்குது. ஜாகர் முகத்துல ஒன்னுமே இல்ல. எந்திரிச்சு வெளிய போறப்போ அந்த முகத்துல ஃப்ரேம நிறுத்திடுறாங்க. ஐம்பது வருஷத்துக்கு மேல ஆகியும் அந்த முகத்துல இருக்குறது அதிர்ச்சியா, வெறுமையா, நாளைக்கு வக்கீல்கிட்ட என்ன சொல்லணும்ங்குற யோசனையான்னு ஆளாளுக்கு ஒன்னு சொல்றாங்க.

எடிட்டிங் எவ்வளவு தூரம் போகும்னு பாக்கணும்னா பீட்டில்ஸ். 1969 ஜனவரில எடுத்த ஒரே ஃபுட்டேஜ். மைக்கேல் லிண்ட்சே ஹாக் அதுல இருந்து 1970ல லெட் இட் பி எடுத்தார், பாத்தவங்க எல்லாம் ஐயோ இவங்க இப்படித்தான் சண்டை போட்டு பிரிஞ்சாங்கன்னு அழுதாங்க. 2021ல பீட்டர் ஜாக்சன் அதே அறுபது மணி நேரம் சொச்சம் ஃபில்ம எடுத்து கெட் பேக்னு எட்டு மணி நேர சீரிஸ் போட்டா, அட நாலு பசங்க சிரிச்சு பேசி டீ குடிச்சு டோஸ்ட் தின்னுட்டுல இருக்காங்க. ரெண்டும் உண்மை. இதுல ப்ரொட்யூசர் லிஸ்ட்ல பால் மெக்கார்ட்னியும் ரிங்கோ ஸ்டாரும் இருக்காங்க, அதனால கூடுதல் பாசம் தடவி இருக்குறதயும் மறக்க வேணாம். ஆனா அதுல ஒரு ரெண்டு நிமிஷம் இருக்கு, லெனன் இன்னும் வரல, மெக்கார்ட்னி பேஸ் கிட்டார ரிதம் கிட்டார் மாதிரி சும்மா தட்டிட்டே இருக்கார், பக்கத்துல ஜார்ஜ் ஹாரிசன் கொட்டாவி விடுறார், தட்டல்ல ஒரு ட்யூன் மெல்ல தலை தூக்குது, பாத்துட்டு இருக்கும்போதே அது உலகத்துக்கே தெரிஞ்ச பாட்டா ஆயிடுது, கொட்டாவி விட்டவரும் கிட்டார எடுத்து சேந்துக்கறார். பாட்டு எப்படி பொறக்குதுன்னு யாரோ விளக்குறத ஆயிரம் தடவ கேட்டிருப்போம், பொறக்குறத பாத்தது அங்கதான்.

பெரிய ஸ்டார விட்டுட்டு பின்னாடி நின்னவங்கள பாக்குற படம் எப்பவும் ஒரு படி மேல, ஏன்னா அவங்களுக்கு காப்பாத்த இமேஜே இல்ல. 2013ல மார்கன் நெவில் எடுத்து ஆஸ்கர் வாங்கின ட்வெண்ட்டி ஃபீட் ஃப்ரம் ஸ்டார்டம், கோரஸ் பாடகிங்கள பத்தினது. டார்லீன் லவ்னு ஒரு அம்மா, 1962ல அவங்க பாடின பாட்டு அமெரிக்காவுல நம்பர் ஒன், ஆனா ரெக்கார்ட் மேல வேற குரூப் பேரு. பல வருஷம் கழிச்சு அவங்க ஒருத்தர் வீட்டுல வேலைக்கு போய் பாத்ரூம் கழுவிட்டு இருக்கும்போது ரேடியோவுல அவங்களே பாடின கிறிஸ்துமஸ் பாட்டு வருது. அத அவங்க சொல்ற விதத்துல அழுகையே இல்ல, அதான் கொல்லுது. அதே படத்துல மெர்ரி க்ளேடன், வயித்துல குழந்தையோட, தலைல கர்லர் சுத்தினபடி நடுராத்திரி ஸ்டுடியோ போய் பாடின டிராக்க மட்டும் தனியா பிரிச்சு போடுவாங்க. உச்சத்துல குரல் உடையும். ஹெட்ஃபோன்ல கேளுங்க.

இதே மார்கன் நெவில்தான் 2021ல செஃப் ஆந்தனி போர்டெய்ன் பத்தின படத்துல, செத்துப்போனவர் எழுதி வச்ச சில வரிகள ஏஐ குரல்ல அவரே பேசுற மாதிரி வச்சிட்டு, படத்துல அத சொல்லாம விட்டு, இன்டர்வியூல சொல்லி மாட்டிக்கிட்டவரு. அதனால நல்ல டைரக்டர்னு ஒருத்தர கண்ண மூடி நம்பவும் முடியாது. சர்ச்சிங் ஃபார் சுகர்மேனும் அப்படித்தான். அமெரிக்காவுல யாருக்கும் தெரியாம, தென்னாப்பிரிக்காவுல மட்டும் தெய்வமா ஆன பாடகர் ரோட்ரிகஸ் கதை, 2013ல ஆஸ்கர், நானும் அழுதேன். ஆனா 1979லயும் 1981லயும் அந்த மனுஷன் ஆஸ்திரேலியாவுல டூர் அடிச்சிருக்கார், அங்கயும் அவருக்கு ரசிகர் கூட்டம் இருந்துச்சு. படத்துல ஆஸ்திரேலியாவ பத்தி மூச்சு இல்ல. சொன்னா அந்த "காணாம போனவர்" பில்டப் உடைஞ்சுருமே. பொய் சொல்லல, ஒரு கண்டத்தையே வெட்டிட்டாங்க.

சாவி கதையோட உச்சம் ஃபயர் ஃபெஸ்டிவல். 2017ல பஹாமாஸ் தீவுல சொகுசு மியூசிக் திருவிழான்னு சொல்லி டிக்கெட் வித்து, போனவங்களுக்கு நிவாரண முகாம் டென்ட்டும் பாக்ஸ்ல சீஸ் வச்ச ரொட்டியும் கிடைச்ச மோசடி. 2019 ஜனவரில ஒரே வாரத்துல ரெண்டு டாக்குமெண்டரி. ஹூலு ஓடிடி படம் மோசடிக்காரன் பில்லி மெக்ஃபார்லண்டுக்கு காசு குடுத்து இன்டர்வியூ எடுத்துச்சு. நெட்ஃபிளிக்ஸ் படத்த தயாரிச்சதுல ஒருத்தர், அந்த திருவிழாவுக்கு சோஷியல் மீடியா விளம்பரம் பண்ண அதே கம்பெனி. ரெண்டு பேரும் ஒருத்தர் மேல ஒருத்தர் சேத்த வாரி இறைச்சாங்க. என் யோசனை, ரெண்டையும் அடுத்தடுத்து பாத்துட்டு, ஒன்னுல வர்ற ஆள் இன்னொன்னுல ஏன் வரலன்னு ஒரு பேப்பர்ல குறிச்சு பாருங்க.

உள்ள இருந்து யாருமே கதவ திறக்கலன்னா வெளியில இருந்து எடுக்குற வகை ஒன்னு இருக்கு. அமெரிக்க பாடகர் ஆர். கெல்லி மேல 90கள்ல இருந்தே பொண்ணுங்களோட பாலியல் புகார், 2008ல ஒரு கேஸ்ல விடுதலையும் ஆனவரு. 2019 ஜனவரில அந்த பொண்ணுங்களையே பேச வச்சு ஆறு எபிசோட் வந்துச்சு, அடுத்த மாசமே சிகாகோவுல கேஸ், 2021ல நியூயார்க்ல குற்றவாளின்னு தீர்ப்பு, 2022ல 30 வருஷ தண்டனை. பாடகி பிரிட்னி ஸ்பியர்ஸ் விஷயமும் அப்படி, 2008ல இருந்து அப்பா கையில இருந்த சட்டப்படியான கண்ட்ரோல் பத்தி 2021 பிப்ரவரில நியூயார்க் டைம்ஸ் எடுத்த படம் வந்துச்சு, அதே நவம்பர்ல கோர்ட் அத முடிச்சு வச்சுது. படத்தாலதான்னு சொல்ல மாட்டேன், பல வருஷமா ரசிகர்கள் ரோட்டுல நின்னதும் பிரிட்னியே கோர்ட்ல பேசினதும் இருக்கு. ஆனா அந்த படத்துல பிரிட்னி கிடையாது, அத பாத்து அவங்க சந்தோஷப்படவும் இல்ல, என்னைய காட்டின விதம் சங்கடமா இருந்துச்சு, ரெண்டு வாரம் அழுதேன்னு அவங்களே போஸ்ட் போட்டாங்க. பாப்பராஸி, அதாவது ஸ்டார்கள துரத்தி துரத்தி படம் எடுக்குறவங்க, எடுத்த அதே வீடியோவ, பாப்பராஸிய திட்டுறதுக்காக, மறுபடி நம்மகிட்ட போட்டு காட்டுறாங்க. பாடகி எமி வைன்ஹவுஸ் பத்தி ஆசிஃப் கபாடியா எடுத்த எமி படத்துலயும், 2015, இதே உறுத்தல் எனக்கு உண்டு, என்னதான் பேசுறவங்க முகத்தையே காட்டாம வெறும் குரலும் பழைய வீடியோவுமா வச்சு பிரமாதமா கட்டியிருந்தாலும்.

சட்ட சிக்கல் பத்தி நம்ம ஆளுங்களுக்கு விளக்கவே தேவையில்ல, 2024 நவம்பர்ல நயன்தாரா டாக்குமெண்டரி வந்தப்போ தனுஷ் தயாரிச்ச படத்தோட மூணு செகண்ட் மேக்கிங் கிளிப்புக்கு 10 கோடி கேட்டு தனுஷ் தரப்பு நோட்டீஸ் விட்டதா நயன்தாரா ஓப்பன் லெட்டர் போட்டு, அது மெட்ராஸ் ஹைகோர்ட் வரைக்கும் போச்சு. யார் சரின்னு கோர்ட் பாத்துக்கட்டும், ஒரு கிளிப்போட பவர் என்னன்னு மட்டும் புரிஞ்சுக்கங்க. இதவிட கொடுமை, எஸ்ரா எடெல்மன்னு ஆஸ்கர் வாங்கின டைரக்டர், பாடகர் பிரின்ஸ் பத்தி பல வருஷம் உழைச்சு ஒன்பது மணி நேரத்துக்கு ஒன்னு எடுத்து வச்சார், பிரின்ஸோட சொத்த நிர்வகிக்கிறவங்க ஒத்துக்கல, 2025 பிப்ரவரில நெட்ஃபிளிக்ஸ் அத வெளியிடப்போறதில்லன்னு முடிஞ்சுது. ஒன்பது மணி நேரம் ஒரு ஹார்ட் டிஸ்க்ல தூங்குது.

நம்ம நாட்டுப் பக்கம் பெரிய பேனர் ஓடிடி வரிசைகள நான் ஆல்பம் கணக்குல வச்சிட்டேன், பாக்க ஜாலியா இருக்கும், அதோட சரி. உருப்படின்னா மூணு. ஃபைஸா அகமது கான் எடுத்த சூப்பர்மென் ஆஃப் மாலேகாவ், விசைத்தறி ஓட்டுற ஊர்ல சூப்பர்மேன் படம் எடுக்குறாங்க, கிரேனுக்கு மாட்டு வண்டி, டிராலிக்கு சைக்கிள், பறக்க வேண்டிய ஹீரோ தறி ஓட்டுற ஒல்லி பையன். ஹாலிவுட் மேக்கிங் வீடியோ நூறு பாத்தாலும் கிடைக்காத சினிமா வெறி அதுல இருக்கு. ரெண்டாவது 2016ல கேன்ஸ் போன தி சினிமா டிராவலர்ஸ், லாரியில ப்ரொஜெக்டர ஏத்திட்டு திருவிழா திருவிழாவா போற டென்ட் கொட்டாய்க்காரங்க கதை.

மூணாவது செல்லுலாய்ட் மேன், சிவேந்திர சிங் துங்கர்பூர் 2012ல எடுத்தது, புனே ஃபில்ம் ஆர்க்கைவ்ஸ கட்டி எழுப்பின பி.கே. நாயர் பத்தி. எந்த படத்துல எந்த சீன் எத்தனாவது ரீல்ல வருதுன்னு மனப்பாடமா சொல்ற மனுஷன். நம்ம மௌனப் படம் ஆயிரத்துக்கு மேல எடுத்தது, மிச்சம் இருக்குறது சொற்பம், 1931ல வந்த முதல் பேசும் படம் ஆலம் ஆரா ஒரு ரீல் கூட இல்ல. எரிஞ்சு போனது பாதின்னா, பழைய ஃபிலிம்ல இருக்குற வெள்ளிய உருக்கி எடுக்க எடைக்கு போட்டது மீதி. ஃபால்கேவோட 1913 ராஜா ஹரிச்சந்திரா படத்துல கொஞ்சமாவது இன்னிக்கி நம்ம பாக்குறோம்னா நாயர் தேடி அலைஞ்சதுதான் காரணம்.

எதுல ஆரம்பிக்கன்னு கேட்டீங்கல்ல, மேல சொன்னது எதுலயும் இல்ல. அமெரிக்கன் மூவி, 1999, டைரக்டர் கிறிஸ் ஸ்மித், இருபது வருஷம் கழிச்சு நெட்ஃபிளிக்ஸ் ஃபயர் படத்த எடுத்ததும் இவரேதான். கடன்ல மூழ்கின ஒருத்தர் ஒரு குட்டி பேய் படத்த முடிக்க வருஷக்கணக்கா அல்லாடுறார், பணம் போடுறது வயசான மாமா. அந்த மாமாவையே ஒரு வரி டப்பிங் பேச வைப்பாங்க. ஒரு டேக், பத்து டேக், முப்பது தாண்டுது, கிழவருக்கு ஒவ்வொரு தடவையும் அந்த வரியில ஏதோ ஒரு வார்த்தை விட்டுப்போகுது, குளிருது, தூக்கம் வருது, மருமகன் விடுறதா இல்ல, இன்னும் ஒன்னே ஒன்னு மாமா, இன்னும் ஒன்னே ஒன்னு.